பெயர் எழுத வேண்டாம் என்று அச்சிட்டால் போதுமா?

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனி. தொழிலாளர்கள் வேலையைப் பற்றி, சூப்பர்வைசரைப் பற்றி, நிர்வாகத்தைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்று அறிய ஒரு கருத்துக்கணிப்பு நடத்தப் போயிருந்தேன். படிவத்தின் தலையிலேயே 'பெயர் எழுத வேண்டாம்' என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தோம். அதற்குக் கீழே பிரிவு, வயது, ஆணா பெண்ணா, எத்தனை வருட சர்வீஸ் என்று நான்கு கட்டங்கள். தைத்த துணியில் குறை இருக்கிறதா என்று பார்க்கும் செக்கிங் பிரிவில் ஒரு அம்மா தாளை வாங்கிப் பார்த்துவிட்டு என்னிடமே திருப்பி நீட்டினார்.

"இந்த செக்சன்ல அம்பது தாண்டுன பொம்பள நான் ஒருத்திதானுங்க சார். அப்புறம் பேரு எழுதுனா என்ன, எழுதாட்டி என்னங்க?"

அந்தப் படிவத்தைத் தயாரித்தது நான்தான். அன்றோடு அந்தக் கட்டங்களை எடுத்துவிட்டேன். இப்போது பிரிவை மட்டும்தான் கேட்கிறேன். ஒரு பிரிவில் பத்துப் பேருக்குக் குறைவாக இருந்தால் பக்கத்துப் பிரிவோடு சேர்த்துத்தான் கணக்குப் பார்க்கிறேன். வயதும் சர்வீஸும் தெரிந்தால் அலசுவதற்கு வசதிதான். ஆனால் பயந்துகொண்டு போட்ட டிக்கை எப்படிப் பிரித்துப் பார்த்தாலும் ஒன்றும் தேறாது.

தாளை யார் கொடுக்கிறார், யார் வாங்குகிறார் என்பது அதைவிட முக்கியம். சூப்பர்வைசர் கையில் வாங்கி அடுக்கினால், மேலிருந்து கீழ்வரை 'முழுவதும் ஒத்துக்கொள்கிறேன்' என்று ஒரே நேர்கோட்டில் டிக் வரும். படிக்காமலே போட்டதா என்று தெரிந்துகொள்ள, 'இங்கே குறை சொன்னால் பிரச்சினை வரும்' என்பதுபோல எதிர்த்திசையில் ஓரிரு வாக்கியங்களை நடுவில் வைப்பேன். அதற்கும் அதே கட்டத்தில் டிக் விழுந்திருந்தால் அந்தத் தாளை நம்ப முடியாது. பூட்டிய பெட்டியைச் சாப்பாட்டுக்கூடத்தில் வைத்து, எல்லோருக்கும் ஒரே நிறப் பேனா கொடுத்து, அந்த அரைமணி நேரம் சூப்பர்வைசர்களை வெளியே இருக்கச் சொல்லுங்கள். ஒடிசா, பீகார், ஜார்கண்டிலிருந்து வந்தவர்கள் இருந்தால் இந்தியில் அச்சடித்துக் கொடுத்ததோடு விட்டுவிடாதீர்கள். வாசிக்கத் தெரியாதவர்களுக்கு வெளியாள் ஒருவர் வாசித்துக் காட்ட வேண்டும்.

இனி கேள்விகள். 'முழுவதும் ஒத்துக்கொள்கிறேன்' முதல் 'சிறிதும் ஒத்துக்கொள்ளவில்லை' வரையிலான அளவுகோலை அமெரிக்க உளவியலாளர் ரென்சிஸ் லிக்கர்ட் 1932-இல் எழுதிவைத்தார். இன்றும் எல்லோரும் அதைத்தான் பயன்படுத்துகிறோம். கோளாறு பெரும்பாலும் அளவுகோலில் இருப்பதில்லை, வாக்கியத்தில்தான். 'என் சூப்பர்வைசர் மரியாதையாகவும் நியாயமாகவும் நடத்துகிறார்' என்று ஒரு வரி. மரியாதையாகப் பேசிவிட்டு, ஓவர்டைமை மட்டும் வேண்டியவர்களுக்கே கொடுக்கிறவரை எந்தக் கட்டத்தில் போடுவது? அதை இரண்டு வரியாக்குங்கள். 'நிறுவனத்தின் தொலைநோக்கோடு ஒன்றியிருக்கிறேன்' மாதிரியானவை ஆங்கிலப் படிவத்திலிருந்து இறங்கி வந்தவை. டெய்லருக்கும், அவருக்கு உதவியாக இருக்கும் கைமடிக்கும் அதில் சொல்ல ஒன்றும் இல்லை. 'அவசரத்துக்கு லீவு கேட்டால் கிடைக்கிறது' என்று எழுதுங்கள், உடனே பதில் வரும்.

சிகாகோ பக்கம் வெஸ்டர்ன் எலக்ட்ரிக் கம்பெனியின் ஹாத்தோர்ன் ஆலையில் 1928 முதல் 1930 வரை இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட தொழிலாளர்களிடம் பேட்டி எடுத்தார்கள். முதலில் கேள்விப் பட்டியலோடுதான் போனார்கள். தொழிலாளர்கள் பட்டியலை விட்டுவிட்டு, தங்கள் மனதை அரித்ததைப் பேசினார்கள். பிறகு முறையையே மாற்றி, அவர்களைப் பேசவிட்டுக் கேட்டார்கள். அதனால்தான் என் படிவத்தின் கடைசி அரைப் பக்கம் எப்போதும் வெறுமையாக இருக்கும். அந்தத் திருப்பூர் கம்பெனியில் ஒரு வருடம் கழித்து மறுபடி நடத்தியபோது, பெண்கள் பலர் அந்த இடத்தில் ஒரே விஷயத்தை எழுதியிருந்தார்கள்: கழிப்பறைக் கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை. எங்கள் இருபத்தைந்து கேள்விகளில் அது எங்குமே இல்லை.

முடிவைச் சராசரியாக மட்டும் காட்டாதீர்கள். 'முழுவதும் ஒத்துக்கொள்கிறேன்' என்பதற்கு 5, 'சிறிதும் ஒத்துக்கொள்ளவில்லை' என்பதற்கு 1 என்று எண் கொடுத்தால், இருபது பேரில் பத்துப் பேர் 5, பத்துப் பேர் 2 போட்டால் சராசரி 3.5. கேட்க நன்றாகத்தான் இருக்கும். பாதிப்பேர் நொந்துபோயிருப்பது அதில் தெரியாது. தீபாவளி போனஸ் பேச்சு ஓடும் வாரத்தில் நடத்தவும் வேண்டாம், எதைக் கேட்டாலும் போனஸ் கோபம்தான் பதிலாக வரும்.

அந்த இரண்டாவது முறை தாள்களை எண்ணி முடித்ததும் திருப்பூர் முதலாளி, "தாழ்ப்பாள் பத்தி எழுதுன தாளைக் கொண்டாங்க, கையெழுத்தப் பாத்தா யாருன்னு சொல்லிடுவேன்" என்றார். கோபத்தில் கேட்கவில்லை, கூப்பிட்டுச் சமாதானம் சொல்லத்தான் கேட்டார். இருந்தாலும் கொடுக்கவில்லை. எழுதியதைத் தொகுத்துத் தட்டச்சு செய்து கொடுத்தேன். தாழ்ப்பாள் அந்த வாரமே வந்துவிட்டது. எந்தக் கேள்விக்கு எத்தனை பேர் என்ன சொன்னார்கள், எது உடனே நடக்கும், எது நடக்காது, ஏன் என்று ஒரு தாள் பத்து நாளில் நோட்டீஸ் போர்டில் ஏறியது. அசல் தாள்களைச் சாப்பாட்டுக்கூடத்தில் வைத்தே கிழித்தோம். செக்கிங் அம்மா டிபன் பாக்ஸை மூடாமல் கடைசித் தாள் வரை பார்த்துக்கொண்டிருந்தார்.