ஓடாத வாட்ச்

"தூக்கம் வரலை சார்" என்றுதான் அந்த இளம் நடிகர் மனநல ஆலோசனைக்கு என்னிடம் வந்தார். படப்பிடிப்பு முடிந்து மூன்று மாதம் ஆகியும் படத்துக்கு வளர்த்த தாடியை எடுக்கவில்லை. பாத்திரத்துக்குக் கொடுத்த பழைய வாட்ச் கையில் இருந்தது. ஓடாத வாட்ச். பேச்சினூடே இரண்டு முறை அதில் மணி பார்த்தார்.

அழும் காட்சி ஒன்றில் இறந்துபோன அப்பாவை நினைத்துக்கொண்டாராம். அப்பா போய் அப்போது ஒன்பது மாதம்தான். பதினோரு டேக். ஒவ்வொன்றுக்கும் மனதுக்குள் ஐசியூ வாசலுக்குப் போய் நின்றிருக்கிறார். யூனிட்டே கைதட்டியது. போன மாதம் அப்பாவுக்கு முதல் தெவசம். பொட்டுக் கண்ணீர் வரவில்லை. "மனசு கேமரா எங்கேன்னு தேடுச்சு சார்."

சொந்த நினைவைக் கிளறி உணர்ச்சியை வரவழைக்கும் இந்த முறை ரஷ்ய நாடக இயக்குநர் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியிடம் தொடங்கியது. நியூயார்க்கில் அதை மெத்தட் நடிப்பின் உயிர்நாடியாக்கியவர் நடிப்பு ஆசிரியர் லீ ஸ்ட்ராஸ்பெர்க். அவரேகூட, எடுக்கும் நினைவு ஏழு வருஷமாவது பழையதாக இருக்கட்டும் என்றார். ஸ்தனிஸ்லாவ்ஸ்கியோ பின்னாளில் கற்பனைக்கும் உடல்செயலுக்கும் நகர்ந்துவிட்டார்; 1934-இல் பாரிஸில் அவரைச் சந்தித்த நடிகை ஸ்டெல்லா ஆட்லர் அமெரிக்கா திரும்பி அதைச் சொன்னபோது ஸ்ட்ராஸ்பெர்க்கோடு பெரிய சண்டையே வந்தது. என்னிடம் வருபவர்கள் பயின்ற பட்டறைகளில் இந்தப் பின்பாதியை யாரும் சொன்னதாகத் தெரியவில்லை.

மெத்தட் நடிப்பு நோயல்ல. பெரும்பாலானோர் நன்றாகவே வெளியே வந்துவிடுகிறார்கள். ஆனால் பதினோரு முறை துக்கத்தைக் கூப்பிட்டால் நெஞ்சு நிஜமாகவே படபடக்கும், அட்ரினலின் நிஜமாகவே சுரக்கும். பேக்கப் சொன்னதும் அது அடங்கிவிடாது. தெருக்கூத்துக்காரர்கள் விடிந்ததும் உட்கார்ந்து எண்ணெய் தடவி அரிதாரத்தை நிதானமாகக் கலைப்பார்கள். அந்த நேரம் மனதுக்கும் தேவைப்படுகிறது என்பது என் எண்ணம். கேரவனிலிருந்து நேராக காரில் ஏறுகிறவருக்கு அது கிடைப்பதில்லை.

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கமில்லை, வீட்டில் பாத்திரத்தின் கோபம் வெளிப்படுகிறது, இறங்கிவரக் குடி வேண்டியிருக்கிறது என்றால் மனநல ஆலோசகரைப் பாருங்கள். சாக வேண்டும் என்ற எண்ணம் வந்தால் காத்திருக்கவே வேண்டாம். அரசின் மனநல உதவி எண் டெலி மானஸ் 14416, இருபத்துநான்கு மணி நேரமும் தமிழில் பேசலாம்.

அவரிடம் வாட்சைக் கம்பெனியில் திருப்பிக் கொடுத்துவிட்டு வரச் சொன்னேன். சின்ன வேலைதான். மூன்று வாரம் எடுத்துக்கொண்டார்.