குரோமின் பெட்டி, விண்டோஸின் சாவி

வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: "பழைய லேப்டாப்பின் மதர்போர்டு போய்விட்டது. ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி, குரோம் ஃபோல்டரை அப்படியே புது லேப்டாப்பில் போட்டேன். புக்மார்க் எல்லாம் வந்துவிட்டது. பாஸ்வேர்டு ஒன்றுகூட வரவில்லையே, ஏன் சார்?"

கூகுள் கணக்கில் சிங்க் போட்டிருந்தால் எல்லாம் தானாக இறங்கியிருக்கும். இவர் போடவில்லை.

இணையதளங்கள் பொதுவாக உங்கள் பாஸ்வேர்டை 'ஹாஷ்' செய்து, அதாவது திரும்பப் பெற முடியாதபடி அரைத்து வைக்கின்றன. அரைத்த மாவு மறுபடி அரிசியாகாது. பிரவுசருக்கு அந்தச் சௌகரியம் கிடையாது. உங்கள் சார்பாக அசல் பாஸ்வேர்டையே தளத்திடம் நீட்டியாக வேண்டும். அதனால் திறக்கக்கூடிய பூட்டைத்தான் போட முடியும்.

விண்டோஸில் குரோம் இவற்றை 'லாகின் டேட்டா' என்ற எஸ்கியூலைட் கோப்பில், அதாவது ஒரு சின்ன தரவுத்தளத்தில் வைக்கிறது. அதைத் திறந்து பார்த்தால் தள முகவரி, யூசர்நேம் எல்லாம் பச்சையாகத் தெரியும். பாஸ்வேர்டு கட்டத்தில் மட்டும் 'வி10' போன்ற ஒரு குறியோடு தொடங்கி, அப்புறம் ஒரே கிறுக்கல். 2020-இலிருந்து ஏஇஎஸ்-256 என்ற குறியாக்க முறைதான் பூட்டு. அதன் சாவி 'லோக்கல் ஸ்டேட்' என்ற கோப்பில் பக்கத்திலேயே கிடக்கிறது. ஆனால் அந்தச் சாவிக்கும் ஒரு பூட்டு.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். சாவியைப் பூட்டுவது விண்டோஸ் 2000 காலத்திலிருந்து இருக்கும் டிபிஏபிஐ (DPAPI); ரகசியங்களைப் பூட்டி வைக்க விண்டோஸிலேயே உள்ள வசதி. நீங்கள் விண்டோஸில் நுழையத் தட்டும் பாஸ்வேர்டையும் உங்கள் பயனர் அடையாள எண்ணையும் சேர்த்து, ஆயிரக்கணக்கான தடவை அரைத்து ஒரு சாவி செய்கிறது. அது 'மாஸ்டர் கீ' என்ற 64 பைட் சமாச்சாரத்தை மட்டும் பூட்டும். மற்றதையெல்லாம் காப்பது மாஸ்டர் கீ. எதற்கு இத்தனை சுற்று? நாளைக்கு விண்டோஸ் பாஸ்வேர்டை மாற்றினால், உள்ளே இருக்கும் நூறு விஷயத்தையும் அவிழ்த்துக் கட்ட வேண்டாம். மாஸ்டர் கீயை மட்டும் பழைய சாவியால் திறந்து, புதியதால் மூடினால் முடிந்தது. கிடங்கிலுள்ள மூட்டைகளைத் தொடாமல் கதவுப் பூட்டை மட்டும் மாற்றுகிற வேலை.

ஆனால் பழைய சாவி வேண்டும். ஒருமுறை ரிப்பேர் கடையில் என் விண்டோஸ் பாஸ்வேர்டை 'ரீசெட்' செய்து கொடுத்தார்கள். ஐந்து நிமிட வேலை. கம்ப்யூட்டர் திறந்தது, மாஸ்டர் கீ திறக்கவில்லை.

'பாஸ்வேர்டு ரெக்கவரி' என்று இலவசமாகக் கிடைக்கும் மென்பொருள்களை நான் கிட்டவே சேர்ப்பதில்லை. உங்கள் கணக்கில் ஓடும் எந்த நிரல் கேட்டாலும் டிபிஏபிஐ திறந்து கொடுத்துவிடும். திருட்டு நிரல்களுக்கும் அதே வாசல்தான். 2024-இலிருந்து குரோமைத் தவிர வேறு நிரலுக்குக் கிடைக்காதபடி கூகுள் இன்னொரு பூட்டைச் சேர்த்துவருகிறது.

சரி, வாசகருக்கு வருவோம். குரோம் ஃபோல்டர் புது லேப்டாப்புக்கு வந்தது, அதைத் திறக்கும் மாஸ்டர் கீ வரவில்லை. பழைய டிஸ்க்கை ஃபார்மேட் செய்துவிடாதீர்கள். மாஸ்டர் கீ அதில்தான், 'ஆப்டேட்டா' ஃபோல்டருக்குள் 'புரொடெக்ட்' ஃபோல்டரில் இருக்கிறது. அந்த டிஸ்க்கை அதே மாடல் லேப்டாப் ஒன்றில் மாட்டி, அதிலிருந்தே பூட் செய்து, பழைய விண்டோஸ் பாஸ்வேர்டைப் போட்டு நுழையப் பாருங்கள். பாஸ்வேர்டுக்குப் பதிலாகத் தட்டும் 'பின்' (PIN) எண் உதவாது. அது பெரும்பாலும் மதர்போர்டில் சாவிகளைக் காக்கும் டிபிஎம் (TPM) சில்லோடு கட்டப்பட்டது, அதோடே போயிருக்கும். உள்ளே போய்விட்டால் குரோம் செட்டிங்ஸிலிருந்து பாஸ்வேர்டுகளை சிஎஸ்வி (CSV) என்ற சாதாரண எழுத்துக் கோப்பாக எடுக்கலாம். அதில் எல்லாமே பச்சையாக இருக்கும். புது லேப்டாப்பில் ஏற்றிய கையோடு அழித்துவிடுங்கள், ரீசைக்கிள் பின்னிலிருந்தும்.