கிராண்ட்மாஸ்டர்: பேராசான் அல்ல, பெருவல்லார்

பன்னிரண்டு வயதுப் பையன் சதுரங்கத்தில் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்றால், ‘சதுரங்கப் பேராசான்’ ஆகிவிட்டான் என்று தமிழில் எழுதுகிறார்கள். தூய தமிழ் என்பதற்காகவே இந்தச் சொல்லை ஏற்க முடியாது. ஆசான் கற்றுக்கொடுப்பவர். கிராண்ட்மாஸ்டர் ஆவதற்கு யாருக்கும் எதையும் கற்றுத்தர வேண்டியதில்லை, ஆடிக் காட்டினால் போதும்.

‘மாஸ்டர்’ என்ற சொல்லின் மூலம் இலத்தீன் ‘மகிஸ்தர்’. நேராகவும் பிரெஞ்சு வழியாகவும் ஆங்கிலத்துக்கு வந்தது. ஐரோப்பியக் கைவினைச் சங்கங்களில் வேலை பழகி, தேர்ச்சியை நிரூபித்தவரே மாஸ்டர். சதுரங்கத்தில் ‘கிராண்ட்’ என்ற முன்னொட்டு 19-ஆம் நூற்றாண்டிலேயே தென்பட்டாலும், 1907-இல் பெல்ஜியத்தின் ஆஸ்டெண்ட் போட்டியில் முதன்மைப் பிரிவில் ஆடியவர்களை கிராண்ட்மாஸ்டர்கள் என்றே குறிப்பிட்டார்கள். 1914-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் லாஸ்கர், கபாபிளாங்கா உள்ளிட்ட ஆட்டக்காரர்கள் ஐவருக்கு ரஷ்ய மன்னர் இரண்டாம் நிக்கோலஸ் இப்பட்டத்தைச் சூட்டினார் என்று எல்லோரும் சொல்வார்கள். அந்த ஆண்டின் செய்திகளில் இதற்குச் சான்று இல்லை. கதை அச்சில் வருவதே 1940 வாக்கில்தான். உலகச் சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடே முறைப்படி பட்டம் வழங்கியது 1950-இல், 27 பேருக்கு. அவர்களில் ஜாக் மீசஸுக்கு அப்போது வயது 85.

இனி ‘பேராசான்’ விஷயத்துக்கு வருவோம். தமிழில் ‘மாஸ்டர்’ இரண்டு பொருளில் புழங்குகிறது. டிராயிங் மாஸ்டர், டான்ஸ் மாஸ்டர் என்றால் கற்றுத்தருபவர். டீ மாஸ்டர், பரோட்டா மாஸ்டர் என்றால் கைதேர்ந்தவர். சதுரங்க மாஸ்டர் இரண்டாவது வகை. மொழிபெயர்த்தவர்கள் முதல் வகையைப் பிடித்துக்கொண்டார்கள். இதனால் வரும் குழப்பம் சிறியதல்ல, ஏனென்றால் ஃபிடேயில் பயிற்றுநர்களுக்கென்று தனிப் பட்டங்கள் இருக்கின்றன. சென்னையின் ஆர்.பி. ரமேஷ் ஒரு கிராண்ட்மாஸ்டர். அதோடு, பயிற்றுநர் பட்டங்களில் உயர்ந்ததான ‘ஃபிடே சீனியர் டிரெய்னர்’ பட்டமும் பெற்றவர். முதலாவதைப் பேராசான் என்று எழுதிவிட்டால் இரண்டாவதை என்னவென்று எழுதுவது? ஆசான் என்ற சொல் உண்மையில் பொருந்துவது அந்த இரண்டாவது பட்டத்துக்குத்தான்.

‘சதுரங்க மேதை’ இன்னும் மோசம். மேதை என்பது பாராட்டு. கிராண்ட்மாஸ்டர் என்பது கணக்குப் போட்டுத் தருகிற பட்டம். 1930-31 ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலகச் சாம்பியன் கபாபிளாங்காவையே வென்ற மிர் சுல்தான் கான் மேதை என்பதை யாரும் மறுக்க மாட்டார்கள். ஆனால் 1966-இல் இறக்கும்வரை அவருக்கு ஃபிடே பட்டம் எதுவும் இல்லை. 2024-இல்தான் ஃபிடே மதிப்புறு கிராண்ட்மாஸ்டர் பட்டம் தந்தது. மேதையையும் கிராண்ட்மாஸ்டரையும் ஒரே சொல்லால் குறித்தால் அவருடைய கதையைத் தமிழில் சொல்லவே முடியாது.

பட்டங்கள் ஒரு வரிசையாக இருப்பதால், தேர்ந்தெடுக்கும் சொல் எல்லாப் படிக்கும் ஈடுகொடுக்க வேண்டும். ஃபிடே கணக்கிடும் தரப்புள்ளியில் 2200 புள்ளிக்கு கேண்டிடேட் மாஸ்டர், 2300-க்கு ஃபிடே மாஸ்டர், 2400-க்கு இன்டர்நேஷனல் மாஸ்டர், 2500-க்கு கிராண்ட்மாஸ்டர். கடைசி இரண்டுக்கும் புள்ளியோடு நார்ம்களும், அதாவது குறிப்பிட்ட போட்டிகளில் காட்டும் ஆட்டத்தரமும், தேவை. இந்த வரிசைக்கு ‘வல்லார்’ பொருந்துகிறது: புகுநிலை வல்லார், ஃபிடே வல்லார், பன்னாட்டு வல்லார், பெருவல்லார். 1961-இல் இந்தியாவின் முதல் பன்னாட்டு வல்லார் மேனுவல் ஆரன். 1988-இல் முதல் பெருவல்லார் ஆனந்த். சொல்லும்போது நாக்கு இடறவில்லை.

குறளின் ‘சொலல்வல்லன்’ நாம் அறிந்ததே. இதற்கு மேல் ஓர் ஒலியொற்றுமையும் உண்டு. ‘வல்’ என்றே பழந்தமிழில் ஒரு பலகையாட்டக் கருவி இருந்தது. தொல்காப்பியம் அதற்குப் புணர்ச்சி விதி சொல்கிறது. வல்லநாய் என்றால் காய், வல்லப்பலகை என்றால் பலகை. புறநானூற்றின் 52-ஆம் பாட்டில், நரைத்த கிழவர்கள் காய்களை வைத்து வைத்துப் பொதியிலில் (ஊர்ப் பொதுமன்றத்தில்) குழி விழுந்திருக்கிறது. ஊர் பாழான பிறகு அந்தக் குழிகள் நிறையக் காட்டுக்கோழி முட்டையிடுகிறது. அந்த ஆட்டம் சதுரங்கம் அல்ல. அந்த ‘வல்’ வேறு, வல்லமையின் ‘வல்’ வேறு. ஆனாலும் பலகையாட்டப் பட்டத்துக்கு இதைவிட நெருக்கமாக ஒலிக்கும் தமிழ்ச் சொல் கிடையாது.

பட்டத்தின் பெயரைச் சரிசெய்தால் மட்டும் போதாது, சுற்றியுள்ள சொற்களும் கெட்டுக் கிடக்கின்றன. ‘கிராண்ட்மாஸ்டர் பட்டம் வென்றார்’ என்று எழுதுகிறார்கள். வெல்வது சாம்பியன் பட்டத்தை, இதைப் பெறுகிறார்கள். ‘தரவரிசை 2500’ என்பதும் தவறு. 2500 என்பது புள்ளி. தரவரிசை என்பது எத்தனையாவது இடம் என்பது. நார்முக்கு ‘விதிமுறை’ என்று எழுதுவது எல்லாவற்றையும்விடக் கொடுமை. ஒருவர் மூன்று விதிமுறைகளை எப்படிப் பெறுவார்? நார்ம் என்பது ஒரு போட்டியில் காட்டும் ஆட்டத்தரம். கிராண்ட்மாஸ்டர் நார்முக்குப் பொதுவாக 9 ஆட்டமாவது ஆடியிருக்க வேண்டும், எதிராளிகளில் மூன்றில் ஒருவராவது கிராண்ட்மாஸ்டராக இருக்க வேண்டும், ஆட்டத்தரம் 2600-ஐத் தொட வேண்டும். எதிராளிகளின் சராசரி தரப்புள்ளி 2380 என்றால் 9 ஆட்டத்தில் 7 வெற்றிப்புள்ளி எடுக்க வேண்டும். அரைப் புள்ளி குறைந்தாலும் நார்ம் போச்சு. இப்படி மூன்று, மொத்தம் 27 ஆட்டம். இதைத் ‘தகுதிப்படி’ என்று சொன்னால் யாருக்கும் புரியும்.

‘பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்பதில் குழப்பம் உச்சத்தைத் தொடுகிறது. மகளிருக்கு மட்டுமான பட்டம் ஒன்று தனியாக உண்டு, அதற்கும் நார்ம்கள் தேவை, ஆனால் 2300 புள்ளி போதும். 1978-இல் நோனா கப்ரிந்தாஷ்விலியும் 1991-இல் யூதித் போல்கரும் பெற்றது அதுவல்ல, ஆண்கள் பெறும் அதே பட்டம். 2001-இல் எஸ். விஜயலட்சுமி பெற்றது மகளிர் பட்டம், அதைப் பெற்ற முதல் இந்தியர் அவர். வைஷாலி இரண்டையும் பெற்றவர். 2018-இல் மகளிர் பெருவல்லார் ஆனார். 2023 அக்டோபரில் கத்தாரில் மூன்றாவது தகுதிப்படியை முடித்தார், டிசம்பரில் ஸ்பெயினில் 2500 புள்ளியைத் தாண்டிப் பெருவல்லார் தகுதியை எட்டினார். இரண்டுக்கும் ‘பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்றே எழுதினால், இடைப்பட்ட ஐந்தாண்டு உழைப்பு வாசகர் கண்ணிலேயே படாது.