நாடு கடத்தலா, நாடிழப்பா?

ராயபுரத்தில் சென்ற மாதம் நடந்த வாசிப்புக் கூட்டமொன்றின் துண்டறிக்கையில் வங்கதேச எழுத்தாளர் தஸ்லிமா நஸ்ரின் ‘நாடு கடத்தப்பட்ட நாவலாசிரியர்’ ஆகியிருந்தார். பேசிய மூவரும் அதையே திருப்பிச் சொன்னார்கள். ‘எக்ஸைல்’ என்று எங்கே கண்டாலும் ‘நாடு கடத்தல்’ என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடும் மொழிபெயர்ப்பாளர்களின் கைங்கரியம் இது.

இலத்தீன் வழி வந்த அச்சொல், துரத்தப்பட்டவரையும், தாமே வெளியேறித் திரும்ப முடியாமற்போனவரையும் சேர்த்தே குறிக்கும். கடத்துதலோ ‘கட’ என்பதன் பிறவினை. கடத்துபவர் ஒருவர் வேண்டும். கண்டி அரசர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கனை ஆங்கிலேயர் வேலூர்க் கோட்டைக்குக் கொண்டுவந்து வைத்தது நாடு கடத்தல். ‘லஜ்ஜா’ நாவல் 1993இல் வெளிவந்தபின் கொலை மிரட்டலும் வழக்குமாக நெருக்க, தலைமறைவாக இருந்துவிட்டு 1994இல் சுவீடனுக்குப் போன தஸ்லிமாவை அப்படி யாரும் கொண்டுபோய் விடவில்லை. திரும்பிவர வழியில்லாமற் செய்தார்கள். எழுதியதற்கான தண்டனை அதுதான்.

‘புலம்பெயர்ந்த எழுத்தாளர்’ என்று திருத்துவோரும் உண்டு. பட்டினப்பாலையின் ‘புலம்பெயர் மாக்கள்’ புகார் நகரில் ‘கலந்து இனிது உறையும்’ வேற்றுநாட்டார். துரத்தப்பட்ட ஈழத்தமிழர் தம்மைக் குறிக்க அதைப் பழக்கத்தில் நிலைநிறுத்திவிட்டார்கள். அதில் எனக்கு வழக்கில்லை. ஆனால் இன்று வேலைக்காக அமெரிக்கா போனவரும் புலம்பெயர்ந்தவரே. பீச் ஸ்டேஷன் எதிரே அத்தோ நூடுல்ஸ் கிளறிக்கொண்டிருந்த, பர்மாவிலிருந்து வந்த வியாசர்பாடிப் பெரியவரிடம் கூட்டம் முடிந்து இதைக் கேட்டேன். தட்டில் பேஜோவை நொறுக்கிப் போட்டபடியே, “பொலம்பெயர்ந்தா? கடைய அரசாங்கம் எடுத்துக்கிச்சு சார், கப்பலேறி வந்துட்டோம்” என்றார். சொந்தமாகத்தான் கப்பலேறினார்கள்; போகாமல் இருந்திருக்க முடியாது. அந்தக் கட்டாயம் ‘புலம்பெயர்’ என்பதில் ஒலிப்பதேயில்லை.

ஆகவே ‘நாடிழப்பு’, ‘நாடிழந்த எழுத்தாளர்’ என்பதே என் பரிந்துரை. நாடிழந்தவன் என்றால் நளனும் தருமனும்தானே, அரசருக்கல்லவா அது பொருந்தும் என்று நண்பர் மடக்கினார். ஆட்சி போனவனைக் குறித்த சொல் குடியுரிமை பயனற்றுப்போனவரைக் குறிக்க நகர்வதில் மொழிக்கு ஒரு கெடுதலுமில்லை. கேட்டவுடன் விளங்குகிறது, அகராதியும் வேண்டாம். கைதுக்குத் தப்பி 1908 முதல் பத்தாண்டு புதுச்சேரியில் இருந்த பாரதியை யாரும் நாடு கடத்தப்பட்டவர் என்பதில்லையே. தஸ்லிமாவுக்கு மட்டும் ஏன்?

2007 நவம்பரில், அவர் அப்போது வசித்துவந்த கொல்கத்தாவில் கலவரம் மூண்டதும் அவரை ஜெய்ப்பூருக்கும் பிறகு டெல்லிக்கும் கொண்டுபோனார்கள். துண்டறிக்கை அதையும் ‘மீண்டும் நாடு கடத்தப்பட்டார்’ என்கிறது. ஜெய்ப்பூர் எந்த நாட்டில் இருக்கிறது என்று எழுதியவரைத்தான் கேட்க வேண்டும்.