பொஹாக்: வைகாசியா, சித்திரையா?

ஏப்ரல் நடுவில் அசாமியப் புத்தாண்டு பிறக்கும்போது ‘பொஹாக் பிஹு’ என்னும் தொடர் நம் செய்தித்தாள்களிலும் தலைகாட்டும். பிஹு என்பது அசாமியத் திருவிழா. பொஹாக் என்பது அசாமிய ஆண்டின் முதல் மாதம். ‘வைசாகம்’ என்னும் வடசொல்லே இவ்வாறு திரிந்தது. முதலில் நின்ற வகரம் பகரமாகவும், இடையில் நின்ற சகரம் ஹகரமாகவும் மாறின. விசாக நட்சத்திரத்தை ஒட்டி முழுநிலவு நிற்கும் மாதம் என்பது வேர்ப்பொருள். நம் வைகாசியும் அதே வேரில் கிளைத்ததுதான்.

ஆகவே பொஹாக்கை வைகாசி என்று பெயர்த்துவிடலாம் எனத் தோன்றும். தவறு நேர்வது அங்கேதான். சூரியன் மேஷ ராசியில் இருக்கும் காலமே பொஹாக். அதே காலம் நமக்குச் சித்திரை. அப்போது முழுநிலவு நேர் எதிரே துலா ராசியில் நிற்கும். அந்த ராசியிலோ சித்திரை நட்சத்திரத்தின் பின்பாதியும், சுவாதி முழுவதும், விசாகத்தின் முக்கால் பங்கும் அடங்கும். தமிழ் மாதம் முதல் நட்சத்திரத்தின் பெயரையும் அசாமிய மாதம் கடைசி நட்சத்திரத்தின் பெயரையும் தாங்கி நிற்கின்றன. (இடையில் அகப்பட்ட சுவாதியின் பெயர் எந்தப் பக்கமும் மாதமாகவில்லை.) இந்த ஒரு மாத விலகல் ஆண்டு முழுவதும் தொடர்கிறது: அவர்களுடைய ‘ஸொத்’, அதாவது சைத்திரம், நம் பங்குனி, அவர்களுடைய ‘மாக்’ நம் தை. எனவே பொஹாக் என்பதற்கு நேரான தமிழ் மாதப் பெயர் சித்திரையே. கிரந்தத்தை விலக்குவோர் மூலச்சொல்லைப் பொகாகு என எழுதலாம்.

ஆங்கிலத் தேதியில் இன்னொரு நுட்பம் உண்டு. சூரியன் மாலைக்குள் மேஷத்தில் புகுந்தால் அன்றே நமக்குச் சித்திரை முதல் நாள்; அசாமியர் அந்தச் சங்கராந்தி நாளைப் பழைய மாதத்தின் கடைசி நாளாகக் கொண்டு, மறுநாளைப் பொஹாக் முதல் நாளாக எண்ணுகின்றனர். அதனால் சித்திரை 1 பெரும்பாலும் ஏப்ரல் 14 ஆகவும், பொஹாக் 1 பெரும்பாலும் ஏப்ரல் 15 ஆகவும் அமைகின்றன. ஸொத் மாதக் கடைசி நாள் மாடுகளைக் குளிப்பாட்டிச் சிறப்பிக்கும் ‘கொரு பிஹு’. மறுநாள் மனிதர்களுக்கான ‘மானுஹ் பிஹு’. நாம் மாட்டுப் பொங்கலை மறுநாளுக்கு வைத்திருக்க, அவர்கள் மாட்டுக்கே முதல் நாளைத் தந்திருக்கிறார்கள். இத்தேதிகளும் நிலையானவை அல்ல. நட்சத்திரங்களைக் கொண்டு அளக்கும் ஆண்டு ஆங்கில ஆண்டைவிடச் சில நிமிடங்கள் நீண்டது என்பதால், ஏறத்தாழ அறுபது எழுபது ஆண்டுகளுக்கு ஒரு நாள் வீதம் அவை பிந்திய தேதிக்குத் தள்ளிப்போகும்.

ஆண்டெண்ணுக்குக் காமரூப (பண்டைய அசாம்) மன்னர் பாஸ்கரவர்மனின் பெயரால் வழங்கும் பாஸ்கராப்தம் பயன்படுகிறது. பொஹாக் பிறந்தபின் ஆங்கில ஆண்டிலிருந்து 593ஐயும், ஜனவரி முதல் ஸொத் முடியும்வரை 594ஐயும் கழிக்க வேண்டும். 2024 ஏப்ரல் நடுவில் பிறந்தது 1431.