துருப்புக் கப்பல் போர்க்கப்பல் அல்ல

இரண்டாம் உலகப் போர் பற்றிய ஓர் ஆவணப்படத்தின் தமிழ்க் குரலில், "வெஸ்ட் பாயிண்ட் என்ற போர்க்கப்பல் சிங்கப்பூர் வந்தது" என்று போன வாரம் கேட்டேன். இதே தப்பை எத்தனையோ முறை கேட்டாகிவிட்டது. ஆங்கிலத்தில் 'ட்ரூப்ஷிப்', அதாவது துருப்புக் கப்பல், என்று வருகிற இடமெல்லாம் தமிழில் போர்க்கப்பல் ஆகிவிடுகிறது.

போர்க்கப்பல் சண்டை போடுவதற்கென்றே கட்டப்படுவது. ட்ரூப்ஷிப்பின் வேலை படைவீரர்களை ஏற்றிப்போய் இறக்குவது. வெஸ்ட் பாயிண்ட் முதலில் 'அமெரிக்கா' என்ற பயணிகள் கப்பல். 1939 ஆகஸ்ட் 31 அன்று, போர் மூள்வதற்கு முந்தின நாள், தண்ணீரில் இறக்கப்பட்டது. சுமார் 1,200 பயணிகளுக்காகக் கட்டிய கப்பல் அது. 1941 ஜூனில் அமெரிக்கக் கடற்படை அதை எடுத்துக்கொண்டது. ஒருவர் தலைக்கு மேல் இன்னொருவர் படுக்கிற மாதிரி அடுக்குப் படுக்கைகளைப் போட்டதும் 8,000 பேருக்கு மேல் அடைக்க முடிந்தது. பீரங்கிகளும் பொருத்தினார்கள், தற்காப்புக்காக. 1942 ஜனவரி 29 அன்று பிரிட்டனின் 18ஆவது டிவிஷன் வீரர்களைச் சிங்கப்பூரில் கொண்டுவந்து சேர்த்தது. திரும்பும்போது அதே கப்பலில் பெண்களும் குழந்தைகளும் தப்பிப் போனார்கள். பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் விழுந்தது. வந்திறங்கி 17 நாளே ஆன வீரர்கள் ஜப்பானியரிடம் கைதிகளானார்கள். இதைப் போர்க்கப்பல் என்று சொன்னால், அங்கே என்ன நடந்தது என்பதே கேட்பவருக்குப் புரியாது.

துருப்பு என்ற சொல்லின் வரலாறு சின்னதுதான். பிரெஞ்சு 'ட்ரூப்' ஆங்கிலத்துக்குப் போய், அங்கிருந்து தமிழுக்கு வந்து துருப்பு ஆனது. சீட்டாட்டத்தில் வரும் துருப்பு வேறு. அதன் வேர், வெற்றி என்று பொருள்படும் லத்தீன் சொல்.

சரி, துருப்பு வேண்டாம், தமிழாக வேண்டும் என்பவர்கள் 'படைக்கலம்' என்கிறார்கள். கலம் என்றால் கப்பல், ஆகவே படைக்கலம் என்றால் படையின் கப்பல் என்பது கணக்கு. ஆனால் படைக்கலம் என்றால் ஆயுதம் என்று காலங்காலமாகத் தமிழில் இருக்கிறது. ஆயுதம் செய்யும் இடத்தைப் படைக்கலத் தொழிற்சாலை என்றுதானே எழுதுகிறோம்? "படைக்கலம் மூழ்கியது" என்று எழுதினால் படிப்பவர் எதை நினைப்பார்? இன்னொருவர் எழுதுகிற 'படைக் கப்பல்' கடற்படைக் கப்பல் என்றே காதில் விழும். 'படைதாங்கி' விமானந்தாங்கியைப் பார்த்துச் செய்தது. விமானந்தாங்கி, விமானங்கள் ஏறி இறங்கத் தன் முதுகையே தளமாகக் கொடுக்கிறது; அங்கே 'தாங்கி' பொருந்தும். வீரர்களோ இங்கே வயிற்றுக்குள் அடைபட்டுக் கிடக்கிறார்கள். 'இராணுவப் போக்குவரத்துக் கப்பல்' என்பதில் தப்பில்லை. ஆனால் ஒரு பத்தியில் நான்கு முறை அதை எழுதிப் பாருங்கள்.

சரக்குக் கப்பல், பயணிகள் கப்பல், எண்ணெய்க் கப்பல் என்று, ஏற்றுவது எதுவோ அதை வைத்துப் பெயர் சொல்வதுதான் நம் வழக்கம். துருப்புக் கப்பல் அந்த வரிசையில் தானாக உட்காருகிறது. கடன் சொல்லே ஆகாது என்பவர்கள் 'படையேற்றிக் கப்பல்' என்று எழுதலாம், அது தெளிவாக இருக்கிறது. நான் துருப்புக் கப்பல் என்றே எழுதுவேன்.

கப்பல் பற்றிய மொழிபெயர்ப்புகளில் இன்னும் பல சொற்கள் இப்படித்தான் கெட்டுக் கிடக்கின்றன. 'கமிஷன்' செய்ததை "ஆணையிடப்பட்டது" என்கிறார்கள். "கடற்படையில் சேர்க்கப்பட்டது" என்றால் போதும். 'டீகமிஷன்' செய்ததோ "பணிநீக்கம் செய்யப்பட்டது" ஆகிறது. பணிநீக்கம் குற்றம் செய்த ஊழியருக்குக் கொடுக்கும் தண்டனை. வெஸ்ட் பாயிண்ட் ஒரு குற்றமும் செய்யவில்லை. 1946 பிப்ரவரி 28இல் அது கடற்படையிலிருந்து விடுவிக்கப்பட்டது. அப்புறம் பழைய பெயரோடு பயணிகளை ஏற்றப் போய்விட்டது.