மரத்தின் தாகமும் முதல் பூச்சும்

மழைக்காலத்தில் கதவு நிலையோடு இறுகிக்கொள்வதும், அதன் அடியோரத்தில் பெயின்ட் பொரிந்து உதிர்வதும் பெரும்பாலும் ஒரே காரணத்தால்தான். வேரிலிருந்து இலைக்கு நீர் ஏற்றிய நுண்குழாய்கள், மரம் பலகையான பின்னும் ஈரத்தை இழுப்பதை நிறுத்துவதில்லை. குறுக்கே அறுத்த முனைகளில் அவற்றின் வாய் திறந்தே இருப்பதால், பலகையின் முகத்தைவிட முனை பல மடங்கு வேகமாக உறிஞ்சுகிறது. ஈரம் ஏறிய பலகை நீளத்தில் அநேகமாக மாறுவதில்லை, அகலத்தில்தான் உப்புகிறது.

இத்தகைய பரப்பில் எனாமலை நேரடியாகப் பூசினால், நிறமிகளைப் பிணைக்க வேண்டிய எண்ணெய்ப்பிசின் மரத்துக்குள் இறங்கிவிட, மேற்பூச்சு திட்டுத்திட்டாக மங்கிப்போகும். எனாமலுக்கு முன் பூசும் முதல் பூச்சான ப்ரைமர் அந்தத் தாகத்தை முன்கூட்டியே தீர்த்துவிடுகிறது. அதன் பிசின் நுண்துளைகளில் இறங்கிக் கெட்டிப்படுகிறது. நிறமி மிகுந்த மேற்பரப்போ சற்றுச் சொரசொரப்பாக நின்று அடுத்த பூச்சுக்குப் பிடிமானம் தருகிறது.

எந்த ப்ரைமர் என்பதை மரமே தீர்மானிக்கிறது. எண்ணெய் ப்ரைமர் உலர்வது தின்னர் ஆவியாவதால் மட்டுமன்று; காற்றின் ஆக்சிஜன் எண்ணெய் மூலக்கூறுகளை ஒன்றோடொன்று பிணைப்பதாலும்தான். தேக்கில் இயற்கையாக உள்ள குயினோன்கள் என்னும் வேதிப்பொருள்கள் இந்த வினையைத் தடுக்கக்கூடியவை என்பதால், தேக்குக் கதவில் பூச்சு நாள்கணக்கில் பிசுபிசுப்பதுண்டு. தின்னரில் நனைத்த துணியால் துடைத்து, அது ஆவியானதும் தாமதிக்காமல் பூசுவதே இதற்கு வழி. தண்ணீரை அடிப்படையாகக் கொண்ட ப்ரைமரில் வேறொரு சிக்கல் உண்டு: டானின் என்னும் துவர்ப்புச்சத்து மிகுந்த மரங்களில் அது அந்த டானினைக் கரைத்து மேலே கொண்டுவந்து பழுப்புக் கறையாக்கும். பைன் பலகையின் கணுக்களில் கசியும் பிசினுக்கோ, ஸ்பிரிட்டில் கரைத்த அரக்கே நல்ல தடுப்பு. பைன் பிசின் டர்பன்டைனில் கரையும், அரக்கு கரையாது.

பூசும்போது மரத்தின் ஈரப்பதம் 12 சதவீதத்தை ஒட்டி இருப்பது நல்லது. உப்புத்தாளை நாரோட்டத்தின் போக்கிலேயே தேய்க்க வேண்டும்; பளபளக்கும்வரை தேய்த்தால் துளைகள் மூடிக்கொண்டு பூச்சு உள்ளிறங்காது. தேய்த்த பலகையை வாரக்கணக்கில் வெயிலில் விடுவதும் தவறு. நார்களை ஒட்டவைக்கும் லிக்னினைப் புறஊதாக் கதிர்கள் சிதைத்துவிட, ப்ரைமர் தளர்ந்த நார்களையே பற்றி, அவற்றோடு சேர்ந்து உரிந்துவரும். பழைய கதவைச் சுரண்டுவோர் ஈரப்படுத்தித் தேய்ப்பது பாதுகாப்பு, ஏனெனில் பழைய பெயின்ட்டின் தூசியில் நச்சான ஈயம் இருக்கலாம்; இந்தியாவில் வீட்டுப் பெயின்ட்டில் ஈயத்துக்கு 90 பி.பி.எம். (பத்து லட்சத்தில் 90 பங்கு) என்ற வரம்பு 2017 நவம்பரில்தான் நடைமுறைக்கு வந்தது.

நம் வீடுகளில் ஆசாரி கதவை மாட்டிச் சென்ற பிறகே பெயின்டர் வருகிறார். நெடுஞ்சட்டங்களின் குறுக்குமுனைகள் அமைந்த அடிவிளிம்பை அவருடைய பிரஷ் எட்டுவதில்லை. கதவு தரையில் படுத்திருக்கும்போதே அந்த விளிம்புக்கு இரண்டு கை ப்ரைமர் கொடுத்துவிட வேண்டும்.